பேக்கேமன் போட்டிக்குத் தயாராவது: மலையகத்து ஆட்டக்காரர்களுக்கு ஒரு முழுமையான வழிகாட்டி

மஸ்கெலியா, நோர்வூட் பக்கம் மே கடைசியில் பிடிக்கும் மழை செப்டம்பர் வரை லேசில் விடாது. மைதானம் சேறாகிவிடும், வாலிபால் வலை சுருட்டப்பட்டு வாசிகசாலை மூலைக்குப் போய்விடும். அந்த மாதங்களில் ஆட்களைத் தேடினால் கெரம் பலகையைச் சுற்றியோ 304 சீட்டைச் சுற்றியோதான் இருப்பார்கள். இருவர் பகடை உருட்டிக் காய்களை வீட்டுக்கு ஓட்டும் பலகை ஆட்டமான பேக்கேமன் அந்த இடத்தில் உட்கார எல்லாத் தகுதியும் உள்ளது. தாயம் உருட்டிய கைக்கு வெட்டும் பழமும் புதிதில்லை. 304-இல் கையில் இருப்பதற்கு மேல் கேட்டு மாட்டிக்கொண்டவருக்கு, ஆட்டத்தின் புள்ளியை இரட்டிப்பாக்கும் கட்டையான டபுளிங் க்யூப்பை விளக்கவே தேவையில்லை.

பொழுதுபோக்காக ஆடுவதிலிருந்து, கடிகாரம் வைத்து, புள்ளி எழுதி ஆடும் போட்டி வரை போக விரும்புகிறவர்களுக்காக இதை எழுதுகிறேன். என் அபிப்பிராயத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். பகடை தோற்கடித்ததாகச் சொல்பவர்களில் பாதிப் பேரைத் தோற்கடித்தது பகடை விழுந்த பிறகு வந்த கோபம்தான். அதனால் கணக்கைப் பழகும் அளவுக்கு மனதையும் பழக்க வேண்டும். கீழே இரண்டும் கலந்தே வரும்.

1. பலகையும் சாமானும்

பலகை வாங்கக் கிடைத்தால் வாங்குங்கள். கிடைக்காவிட்டால் செய்துகொள்ளலாம், ஒரு ஞாயிற்றுக்கிழமை வேலை. ஆளுக்கு 15 காய் வேண்டும். கெரம் செட் ஒன்றில் வெள்ளை 9, கறுப்பு 9, சிவப்பு 1. இரண்டு பழைய செட்டைச் சேர்த்தால் நிறத்துக்கு 18 வரும், மூன்று மிச்சம். ஸ்ட்ரைக்கரும் சிவப்பும் தொலைந்து, ஒருவரும் தொடாமல் கிடக்கும் செட்டுகளுக்கு இதைவிட நல்ல வேலை கிடையாது.

கெரம் காயின் குறுக்களவு 3 சென்டிமீட்டருக்குச் சற்று அதிகம். அதனால் ஒவ்வொரு முக்கோணத்தின் அடியையும் 3.5 சென்டிமீட்டராக வையுங்கள். ஆறு முக்கோணத்துக்கு 21, அந்தப் பக்கம் இன்னொரு 21, நடுவே பார் என்னும் தடுப்புக்கு 4, ஆக அகலம் 46. ஐந்து காய் வரிசையாக நிற்க முக்கோணத்தின் நீளம் 17 வேண்டும். மேலும் கீழும் 17, நடுவில் பகடை விழ 8, ஆக உயரம் 42. பிளைவுட்டில் கோடு போட்டு இரண்டு நிற பெயின்ட் அடித்து, சுற்றிலும் இரண்டு விரல் உயரத்துக்குச் சட்டம் அடித்தால் பலகை தயார்.

பகடை நான்கு வேண்டும், ஆளுக்கு இரண்டு. லூடோ பெட்டியில் வரும் மிகச் சின்னதுகள் சரிந்து சரிந்து நிற்கும், அவை வேண்டாம். க்யூப்புக்குப் பெரிய சதுரக் கட்டை ஒன்றில் 2, 4, 8, 16, 32, 64 என்று எழுதிக்கொள்ளுங்கள். பகடை குலுக்க டின்பால் காலி டின் போதும். விளிம்பை அராவிவிட்டு, உள்ளே பழைய கம்பளியில் வெட்டிய துண்டை ஒட்டுங்கள். பகடை நன்றாகப் புரளும். இராத்திரி பத்து மணிக்கு லயத்தில் ஆடும்போது பக்கத்துக் காம்பராக்காரர் சுவரைத் தட்டவும் மாட்டார்.

2. விதி, சுருக்கமாக

பலகையில் 24 கட்டம். உங்கள் பக்கம் 1 முதல் 6 வரை உங்கள் உள்வீடு. எதிராளியின் உள்வீடு உங்கள் எண்ணிக்கையில் 19 முதல் 24 வரை. ஆரம்பத்தில் உங்கள் காய்கள் 24-இல் இரண்டு, 13-இல் ஐந்து, 8-இல் மூன்று, 6-இல் ஐந்து. எதிராளிக்கும் அவர் பக்கத்திலிருந்து அதே அடுக்கு. நீங்கள் 24-இலிருந்து 1-ஐ நோக்கி வருகிறீர்கள், அவர் எதிர்த்திசையில் வருகிறார்.

இரண்டு பகடையில் விழும் எண்களைத் தனித்தனியாக ஆடலாம், ஒரே காய்க்கும் கொடுக்கலாம். இரண்டும் ஒரே எண் என்றால் நான்கு முறை ஆட வேண்டும். எதிராளியின் இரண்டு காய் நிற்கும் கட்டத்தில் இறங்க முடியாது. ஒற்றைக் காய் நின்றால் வெட்டலாம். வெட்டுப்பட்ட காய் பாருக்குப் போகும், அது மறுபடி உள்ளே வந்த பிறகுதான் மற்றக் காய்களைத் தொடலாம். ஆட முடிகிற எண்ணை ஆடியே தீர வேண்டும். இரண்டில் ஏதோ ஒன்றை மட்டும்தான் ஆட முடியும் என்றால் பெரியதை ஆட வேண்டும்.

15 காயும் உள்வீட்டுக்கு வந்த பிறகு பழம் எடுக்க, அதாவது காயைப் பலகையை விட்டு வெளியே எடுக்க, தொடங்கலாம். முதலில் எல்லாவற்றையும் எடுத்தவர் வென்றார். எதிராளி ஒரு பழம்கூட எடுக்காத நிலை கேமன், அதற்கு இரண்டு புள்ளி. அதோடு அவர் காய் உங்கள் உள்வீட்டிலோ பாரிலோ மாட்டியிருந்தால் அது பேக்கேமன், மூன்று புள்ளி. ஆரம்பத்தில் ஆளுக்கொரு பகடை உருட்டி, அதிகம் போட்டவர் அந்த இரண்டு எண்ணையும் ஆடித் தொடங்குவார். அதனால் முதல் உருட்டலில் இரட்டை வராது.

3. 36-ஐ மனதில் ஏற்றுங்கள்

இரண்டு பகடைக்கும் 36 விதமான விழுகை உண்டு. 3-1 என்பது இரண்டு விதமாக விழலாம், 3-3 ஒரே விதம். இது பிடிபட்டால் பாதி ஆட்டம் பிடிபட்டது மாதிரி.

உங்கள் ஒற்றைக் காய் எதிராளியின் காயிலிருந்து எத்தனை கட்டம் தள்ளி நிற்கிறது என்று பாருங்கள். வழியில் தடை இல்லாவிட்டால், வெட்டும் விழுகைகள் இப்படி: 1 தள்ளி என்றால் 11, 2 என்றால் 12, 3 என்றால் 14, 4-க்கும் 5-க்கும் 15, 6-க்கு 17. 7-க்குத் திடீரென்று 6-ஆகக் குறைகிறது. 8-க்கும் 6, 9-க்கு 5, 10-க்கு 3, 11-க்கு 2, 12-க்கு 3.

6-க்கும் 7-க்கும் நடுவே உள்ள அந்தப் பள்ளத்தைப் பாருங்கள். 17 எங்கே, 6 எங்கே! ஒற்றைக் காயை விட்டே ஆக வேண்டும் என்றால் ஏழு கட்டத்துக்கு அப்பால் விடுங்கள். அப்படி இடமில்லாவிட்டால் முடிந்தவரை நெருக்கத்தில் விடுங்கள். நான்கு தள்ளி நிற்பதைவிட ஒன்று தள்ளி நிற்பது பாதுகாப்பு என்பது புதியவர்களுக்கு நம்பக் கஷ்டமாக இருக்கும். 11-ஐயும் 15-ஐயும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் நம்பிக்கை வரும்.

அடுத்தது, பாரிலிருந்து உள்ளே வருவது. எதிராளி தன் உள்வீட்டில் மூன்று கட்டம் கட்டியிருந்தால், அதாவது ஒவ்வொன்றிலும் இரண்டு காயாவது வைத்துப் பிடித்திருந்தால், நீங்கள் வர முடியாமல் போகும் விழுகை 9. நான்கு கட்டியிருந்தால் 16, ஐந்து என்றால் 25. மூன்றிலிருந்து ஐந்துக்குப் போகும்போது 36-இல் கால்வாசியாக இருந்த ஆபத்து ஏறத்தாழ எழுபது சதவீதமாகிறது. அவர் வீட்டில் ஒரே கட்டம் இருக்கும்போது துணிந்து ஒற்றைக் காய் விடலாம், ஐந்து இருக்கும்போது விடக் கூடாது என்பதற்கெல்லாம் காரணம் இந்தக் கணக்குத்தான்.

4. முதல் நகர்த்தல்

முதல் விழுகைகள் மொத்தம் 15. இவற்றில் ஐந்துக்கு யோசிக்கவே வேண்டாம். 3-1 விழுந்தால் 8-இலிருந்தும் 6-இலிருந்தும் ஒவ்வொன்று எடுத்து 5-ஐக் கட்டுங்கள். 4-2-க்கு அதே இரண்டு இடத்திலிருந்து 4-ஐக் கட்டலாம், 5-3-க்கு 3-ஐக் கட்டலாம். 6-1-க்கு 13-இலிருந்தும் 8-இலிருந்தும் எடுத்து 7-ஐக் கட்டுங்கள். 6-5-க்கு 24-இல் நிற்கும் ஒரு காயை 13-க்கு ஓட்டிவிடுங்கள்.

மற்றவற்றில் பொதுவாக ஒரு காயை 13-இலிருந்து கீழே இறக்கி, பின்னால் நிற்கும் இரண்டில் ஒன்றைக் கொஞ்சம் நகர்த்துவார்கள். 4-1 விழுந்தால் 13-இலிருந்து 9-க்கும் 24-இலிருந்து 23-க்கும் போவது இன்றைய வழக்கம். ஒரு காலத்தில் 2-1, 4-1, 5-1-க்கெல்லாம் 6-இலிருந்து ஒரு காயை 5-இல் தனியாக இறக்கி வைப்பார்கள். அது வெட்டுப்பட 15 விழுகை உண்டு. வெட்டுப்படாவிட்டால் பலகையின் மிக நல்ல கட்டம் கைக்கு வரும். 1990-களின் தொடக்கத்தில் ஐபிஎம்மில் ஜெரால்ட் டெசாரோ உருவாக்கிய டிடி-கேமன் என்ற நிரல், தனக்குத் தானே எதிராக ஆடிப் பழகியே இந்தப் பழக்கத்தைச் சந்தேகத்துக்குள்ளாக்கியது. பின்னாலேயே மனிதர்களும் மாறினார்கள்.

5. எந்த ஆட்டம் ஆடுகிறீர்கள் என்று தெரிந்துகொள்ளுங்கள்

நாலைந்து உருட்டலுக்குப் பிறகு நிலைமை ஏதாவது ஒரு வடிவத்துக்கு வந்துவிடும். பிப் கணக்கில், அதாவது காய்கள் இன்னும் போக வேண்டிய மொத்தத் தூரத்தில், முன்னால் இருந்தால் ஓட வேண்டும், மோதலைக் குறைக்க வேண்டும். எதிராளியின் காய் உங்கள் வீட்டில் சிக்கியிருந்தால் அதற்கு முன்னால் தொடர்ந்து கட்டங்களைக் கட்டிச் சுவர் எழுப்ப வேண்டும். ஆறு கட்டம் தொடர்ந்து கட்டிவிட்டால் எந்தப் பகடைக்கும் தாண்ட முடியாது. அவர் காய்கள் பிரிந்து தனியாக நின்றால் அடித்து நொறுக்கலாம். நீங்கள் பின்தங்கியிருந்தால் எதிராளி வீட்டில் ஒரு கட்டத்தைப் பிடித்துக்கொண்டு காத்திருக்க வேண்டும். அப்படிப் பிடிப்பதற்கு ஆங்கர் என்று பெயர். அவருடைய 5-ஆம் கட்டமும் 4-ஆம் கட்டமும் மிகச் சிறந்த ஆங்கர்கள். 1-ஆம் கட்ட ஆங்கர் கடைசி நம்பிக்கைக்குத்தான் உதவும்.

வடிவத்துக்கு வடிவம் மாறி மாறி ஆடுவதுதான் கெடுதல். சுவர் கட்டிக்கொண்டிருப்பவர் திடீரென்று பயந்து ஓடுவார், ஓட வேண்டியவர் ஆசைப்பட்டு வெட்டப் போவார். ஒவ்வொரு உருட்டலுக்கு முன்னும் ‘இப்போது யார் முன்னால், யார் காய் சிக்கியிருக்கிறது’ என்று மட்டும் கேட்டுக்கொண்டால் இதைப் பாதிக்குமேல் தவிர்க்கலாம்.

6. பிப் எண்ணுதல்

எல்லாக் காயும் பழமாக இன்னும் எத்தனை எண்ணிக்கை வேண்டும் என்பதே பிப் கணக்கு. ஆரம்பத்தில் இருவருக்கும் 167. ஓர் உருட்டலுக்குச் சராசரியாக 8-க்குச் சற்று அதிகம் குறையும்.

காய் காயாக எண்ணாதீர்கள், மழைச்சத்தத்தில் பாதியில் விட்டுப்போகும். பத்துப் பத்தாகச் சேருங்கள். உங்கள் காய்கள் 8-இல் இரண்டு, 7-இல் ஒன்று, 6-இல் நான்கு, 5-இல் மூன்று, 4-இல் மூன்று, 3-இல் இரண்டு என்று வைத்துக்கொள்வோம். 6-உம் 4-உம் ஒரு ஜோடி, அப்படி மூன்று ஜோடி 30. 7-உம் 3-உம் 10. இரண்டு 5 சேர்ந்து 10. ஆக 50. மிச்சம் 8, 8, 6, 5, 3. அது 30. மொத்தம் 80. இரண்டு வாரம் பழகினால் கண்ணே ஜோடி பிடித்துக்கொள்ளும். பழக நல்ல இடம் ரயில். பதுளைக்கும் நானுஓயாவுக்கும் இடையில் சுரங்கத்துக்குள் சிக்னல் போனாலும் போனில் சேமித்து வைத்த பலகைப் படங்களை எண்ண யாருடைய தயவும் வேண்டாம்.

7. க்யூப்: ஆட்டத்தின் உயிர்

உங்கள் முறை வந்ததும், பகடை உருட்டும் முன், ‘இந்த ஆட்டம் இரட்டிப்பு’ என்று க்யூப்பை நகர்த்தலாம். எதிராளி விட்டுவிட்டால் அப்போதைய மதிப்பை இழப்பார். எடுத்தால் ஆட்டம் இரண்டு புள்ளிக்கு நடக்கும், க்யூப் அவர் பக்கம் போகும், அடுத்து இரட்டிப்பாக்கும் உரிமை அவருக்கு மட்டுமே. 1920-களில் நியூயோர்க்கில் இது சேர்ந்த பிறகுதான் பேக்கேமன் இன்றைய ஆட்டமானது. காய் நகர்த்துவதில் கெட்டிக்காரர்கள் நிறையப் பேர். க்யூப்பில் கெட்டிக்காரர்கள் குறைவு, கோப்பையும் அந்தக் குறைவானவர்களிடம்தான் போகிறது.

எப்போது எடுக்கலாம்? ஒரே மாதிரியான நான்கு ஆட்டத்தைக் கற்பனை செய்யுங்கள். நான்கையும் விட்டுவிட்டால் இழப்பு 4 புள்ளி. நான்கையும் எடுத்து, ஒன்றில் வென்று மூன்றில் தோற்றால் 2 வரவு, 6 செலவு, இழப்பு அதே 4. ஆகவே நாலில் ஒன்று, அதாவது 25 சதவீதம் வெல்லும் வாய்ப்பு இருந்தால் எடுப்பதும் விடுவதும் சமம். அதற்கு மேல் இருந்தால் எடுங்கள். க்யூப் உங்கள் கையில் இருப்பதே ஒரு பலம் என்பதால் சுத்தமான ஓட்டத்தில் 22 சதவீதம்வரைகூட எடுக்கலாம். கேமன் ஆகும் ஆபத்து இருந்தால் மட்டும் எல்லையை உயர்த்துங்கள்.

ஓட்டப்பந்தய நிலைக்கு ஒரு தயார் கணக்கு உண்டு: 8, 9, 12. முன்னால் இருப்பவரின் பிப்பில் 8 சதவீதம் அதிகமாக எதிராளிக்கு இருந்தால் முதல் டபுள், 9 என்றால் மறு டபுள், 12 வரை எதிராளி எடுக்கலாம். மேலே எண்ணிய 80-ஐயே வைத்துப் பாருங்கள். 8 சதவீதம் 6.4, 9 சதவீதம் 7.2, 12 சதவீதம் 9.6. எதிராளிக்கு 86 என்றால் பொறுங்கள். 87 என்றால் நடுவில் இருக்கும் க்யூப்பைக் கொடுக்கலாம், உங்கள் கையில் இருக்கும் க்யூப்பை இன்னும் கொடுக்கக் கூடாது. 88, 89 என்றால் இரண்டையும் கொடுக்கலாம், அவர் எடுப்பதும் சரி. 90 என்றால் அவர் விட்டுவிடுவதே நல்லது.

மோதல் உள்ள நிலையில் மூன்றைப் பாருங்கள்: யார் காய் அமைப்பு நன்றாக இருக்கிறது, யார் ஓட்டத்தில் முன்னால், யாருடைய அடுத்த உருட்டல் பயமுறுத்துகிறது. மூன்றில் இரண்டு உங்கள் பக்கம் என்றால் கொடுக்கும் நேரம். மூன்றும் என்றால் எதிராளி பெரும்பாலும் விடுவார். இது தோராயம்தான், ஆனாலும் கடிகாரம் ஓடும்போது தோராயம்தான் கைகொடுக்கும். அமெரிக்க ஆட்டக்காரர் கிட் வூல்சியின் பெயரில் ஒரு விதி புழங்குகிறது. எதிராளி எடுக்க வேண்டுமா விட வேண்டுமா என்று உங்களுக்கே நிச்சயமாகத் தெரியாவிட்டால், கொடுத்துவிடுவதுதான் சரி என்கிறது அது. தயங்கித் தயங்கி மூன்று உருட்டல் தள்ளி, எதிராளி சிரித்துக்கொண்டே விட்டுவிடும் நிலையில் கொடுப்பவர்கள்தான் நம்மில் அதிகம்.

8. ஸ்கோர் எல்லாவற்றையும் மாற்றும்

போட்டியில் காசு கிடையாது, முதலில் 5 அல்லது 7 அல்லது 11 புள்ளி எடுப்பவர் வெல்வார். அப்போது எல்லாப் புள்ளியும் ஒரே விலையில் இருக்காது.

5 புள்ளிப் போட்டி, ஸ்கோர் 3-3. எதிராளி க்யூப்பைத் தள்ளுகிறார். விட்டால் 3-4. அந்த இடத்திலிருந்து போட்டியை வெல்லும் வாய்ப்பு சுமார் 32 சதவீதம். எடுத்தால் இந்த ஒரே ஆட்டத்தில் எல்லாம் முடிந்துவிடும். ஆகவே 25 இங்கே செல்லாது, 32-க்கு மேல் இருந்தால்தான் எடுக்க வேண்டும். இன்னொரு பக்கம், கொடுக்கிறவருக்கு இந்த ஸ்கோரில் பயமே தேவையில்லை. இரண்டு புள்ளியே இருவருக்கும் போதும் என்பதால் வாங்கியவர் கையில் க்யூப் வெறும் கட்டைதான். அதனால் 3-3-இல் வழக்கத்தைவிட முன்னதாகவே கொடுப்பார்கள்.

ஒருவர் வெற்றிக்கு ஒரு புள்ளி தூரத்தில் வந்ததும் அடுத்த ஒரே ஓர் ஆட்டத்துக்கு க்யூப் கிடையாது. ஜோன் கிராஃபோர்டின் பெயரில் வழங்கும் விதி அது. அந்த ஆட்டம் முடிந்த பிறகு, பின்தங்கியிருப்பவர் கிடைக்கும் முதல் வாய்ப்பிலேயே இரட்டிப்பாக்க வேண்டும். தோற்றால் எப்படியும் போட்டி போய்விடும், அவருக்கு இழக்க வேறொன்றும் இல்லை. இதை மறந்து சும்மா உருட்டிக்கொண்டிருப்பவரைப் பார்த்தால் அவர் போட்டிக்குப் புதியவர் என்று தெரிந்துகொள்ளலாம்.

9. அழுத்தம்

அதிர்ஷ்டம் எவ்வளவு, திறமை எவ்வளவு என்ற பேச்சு தேத்தண்ணி ஆறும் வரை முடியாது. இரண்டு செய்தி மட்டும் சொல்கிறேன். 1979-இல் மொண்டே கார்லோவில் ஹான்ஸ் பெர்லினர் எழுதிய கணினி நிரல், புதிதாக உலகச் சாம்பியனாகியிருந்த லூய்ஜி வில்லாவை 7-1 என்று தோற்கடித்தது. பெர்லினர் பிறகு உட்கார்ந்து ஆராய்ந்து, வில்லாதான் சிறந்த ஆட்டக்காரர், பகடை நிரலின் பக்கம் இருந்தது என்று தானே எழுதினார். தேர்வு செய்ய இடமிருந்த 73 சந்தர்ப்பங்களில் எட்டில் நிரல் சிறந்த நகர்த்தலை ஆடவில்லை. அந்தப் பக்கம் இப்படி. இந்தப் பக்கம், ஜப்பானின் அகிகோ யாசாவா 2014-இலும் 2018-இலும் உலகப் பட்டம் வென்றார். அதே நாட்டு மசாயுகி மொச்சிசூகி 2009-இலும் 2021-இலும் வென்றார். ஓர் ஆட்டத்தைப் பகடை தீர்மானிக்கலாம், வருடக் கணக்கைத் தீர்மானிப்பது வேறு.

6-6 போட்டு எதிராளி தப்பித்தால் ‘இப்படியும் விழுமா’ என்று தோன்றும். 25 முறை உருட்டினால் 6-6 ஒருமுறையாவது விழும் வாய்ப்பு ஏறத்தாழ பாதிக்குப் பாதி. பல ஆட்டங்களில் யாருக்காவது அது விழத்தான் போகிறது. உங்களுக்கு விழுந்தது மனதில் நிற்காது, அவருக்கு விழுந்தது மூன்று நாள் நிற்கும்.

இதற்கு அறிவுரை உதவாது, ஒரு வாடிக்கை உதவும். உங்கள் முறை வந்ததும் முதலில் க்யூப்பைப் பாருங்கள், ஒவ்வொரு முறையும். கொடுக்கப் போவதில்லை என்று முடிவான பிறகே டின்னை எடுங்கள். உருட்டியதும் முதலில் கண்ணில் பட்ட நகர்த்தலை ஆடாமல், இரண்டாவதாக ஒன்றைத் தேடுங்கள். இரண்டிலும் வெட்டுப்படும் எண்ணிக்கையை ஒப்பிடுங்கள். ஆடுங்கள், கடிகாரத்தை அழுத்துங்கள். பகடை மோசமாக விழுந்தாலும் இதே வரிசை. கோபம் வந்தவர் முதலில் விடுவது க்யூப்பைப் பார்ப்பதை, அடுத்து இரண்டாவது நகர்த்தலைத் தேடுவதை.

கடிகாரம் பெரும்பாலும் இப்படி வைப்பார்கள்: ஒவ்வொரு நகர்த்தலுக்கும் முதல் 12 விநாடி கணக்கில் வராது, அதற்கு மேல் போனால் சேமிப்பிலிருந்து குறையும். சேமிப்பு புள்ளிக்கு 2 நிமிடம். 7 புள்ளி ஆட்டத்துக்கு ஆளுக்கு 14 நிமிடம். வெளிப்படையான நகர்த்தலை 12 விநாடிக்குள் முடித்துவிட்டு, சேமிப்பைக் க்யூப்புக்கு வைத்துக்கொள்ளுங்கள்.

க்யூப் உங்கள் முன் வந்து நிற்கும் நேரம்தான் உண்மையான சோதனை. எதிரே இருக்கும் தம்பி கட்டையைத் தள்ளிவிட்டு நாற்காலியில் சாய்ந்து, “என்னண்ணே, எடுக்கிறீங்களா விடுறீங்களா?” என்கிறான். பின்னால் நாலு பேர் நிற்கிறார்கள். விட்டால் பயந்துவிட்டார் என்பார்களோ என்று எடுப்பது ஒரு வகை. ‘இன்றைக்குப் பகடையே சரியில்லை’ என்று சலித்து, தாராளமாக எடுக்க வேண்டியதை விட்டுவிடுவது இன்னொரு வகை. இரண்டாவதுதான் அதிகம் நடக்கிறது என்பது நான் பார்த்தது. கையை மேசைக்குக் கீழே இறக்குங்கள். ஸ்கோரைப் படியுங்கள். எல்லை 25-ஆ 32-ஆ என்று முடிவு செய்யுங்கள். பிப் எண்ணுங்கள், கேமன் ஆபத்தைப் பாருங்கள். அப்புறம் அவன் முகத்தைப் பார்க்காமல் பதில் சொல்லுங்கள். முகத்தைப் படித்து முடிவெடுப்பது சீட்டாட்டத்துக்குச் சரி. இங்கே பலகையில் எல்லாம் திறந்து கிடக்கிறது, அவனுக்குத் தெரிந்தது எல்லாம் உங்களுக்கும் தெரியும்.

முன்னிலையில் இருக்கும்போது வரும் அழுத்தம் வேறு மாதிரி. 4-1 என்று போனதும் எல்லாவற்றையும் பாதுகாப்பாக ஆடத் தோன்றும். எல்லாக் காயையும் ஜோடியாக வைத்தே நகர்த்தினால் இரண்டு உருட்டல் கழித்து வேறு வழியில்லாமல், எதிராளியின் வீடு பலமான பிறகு, பிரிக்க நேரும். ஆபத்தை எடுக்க வேண்டுமானால் அவர் வீடு பலவீனமாக இருக்கும்போதே எடுங்கள்.

உடம்பையும் மறக்க வேண்டாம். நுவரெலியா 1,868 மீட்டர் உயரம், ஜனவரிக் காலையில் விரல் விறைத்து இரண்டு காயைச் சேர்த்துத் தள்ளிவிடும். கையுறையைச் சுற்று தொடங்கும் வரை கழற்றாதீர்கள், சூடான பிளேன்டீ கோப்பையைக் கையில் பிடித்துக்கொள்ளுங்கள். வெறும் வயிற்றோடு மூன்றாவது சுற்றுக்கு உட்கார வேண்டாம்.

10. ஆட்டத்துக்குப் பிறகு

முன்னேற்றம் இங்கேதான். போனைப் பலகைக்கு மேலே நிறுத்தி ஆட்டத்தைப் பதிவு செய்யுங்கள், அல்லது பகடையையும் நகர்த்தலையும் தாளில் எழுதுங்கள். வீட்டில் குனு பேக்கேமன் நிரலில் அதை ஏற்றுங்கள். இலவசம், பழைய மடிக்கணினியிலும் ஓடும், இணையம் தேவையில்லை. மழைக்கு டவர் விழுந்துவிட்ட இரவில் பற்றரி இருக்கும் வரை பார்க்கலாம். ஒவ்வொரு முடிவிலும் எவ்வளவு இழந்தீர்கள் என்று நிரல் சொல்லும். அதிர்ஷ்டத்தைத் தனியாகவும் காட்டும். ‘பகடைதான் கெடுத்தது’ என்ற வாதத்தை அந்த எண்ணோடு வைத்துக்கொள்ளலாம்.

எக்ஸ்ட்ரீம் கேமன் என்ற கட்டண நிரல் தரும் பிஆர் என்ற தவறு அளவைத்தான் உலக ஆட்டக்காரர்கள் பேசுவார்கள். குறைவாக இருந்தால் நல்லது, 5-க்குக் கீழ் என்றால் உலகத் தரம். தொடக்கத்தில் 20-க்கு மேல் வந்தால் அது சாதாரணம். எல்லாத் தவறையும் துரத்தாதீர்கள். ஓர் ஆட்டத்தில் மிகப் பெரிய மூன்றை மட்டும் எடுத்து, அது க்யூப்பா, காய் நகர்த்தலா, கணக்கா என்று குறித்துவையுங்கள். மாதக் கடைசியில் ஒரே வகை திரும்பத் திரும்ப வந்திருக்கும். அடுத்த மாதம் அதை மட்டும் பழகுங்கள்.

11. நம்மூரில் ஒரு சுற்றுப்போட்டி

தனியாகப் பழகிப் பயனில்லை, ஆள் வேண்டும். எட்டுப் பேரும் நான்கு பலகையும் இருந்தால் ஒரு போயா நாளில் நடத்திவிடலாம். ஆட்டம் 5 புள்ளி, ஆளுக்கு 10 நிமிடம், நகர்த்தலுக்கு 12 விநாடி. சதுரங்கக் கடிகாரத்துக்கான செயலி ஒன்றைப் போனில் போட்டால் தனிக் கடிகாரம் வேண்டாம். ஒரு சுற்றுக்கு முக்கால் மணி நேரம் ஒதுக்குங்கள். காலை ஒன்பதுக்குத் தொடங்கினால் மூன்று சுற்றும் மதியச் சாப்பாட்டுக்குள் முடியும். முதல் சுற்றில் தோற்ற நால்வரையும் வீட்டுக்கு அனுப்பாமல் அவர்களுக்குள் ஒரு ஆறுதல் சுற்று வையுங்கள். பொகவந்தலாவையிலிருந்து இரண்டு பஸ் மாறி வந்தவர் ஒரே ஆட்டத்தோடு திரும்பினால் அடுத்த முறை வர மாட்டார். காசு வைத்து ஆட்டம் வேண்டவே வேண்டாம். அப்படி ஒரு பேச்சு கிளம்பினால் கோயில் மண்டபமும் கிடைக்காது, வாசிகசாலையும் கிடைக்காது. நுழைவுப் பணம் பிளேன்டீக்கும் பனிஸுக்கும் ஒரு சின்னக் கோப்பைக்கும் போதும்.

தொடங்கும் முன் நான்கு விதியை உரக்கப் படியுங்கள். இரண்டு பகடையும் உருட்டியவரின் வலப்பக்கப் பாதியில் தட்டையாக விழ வேண்டும், காய்மேல் ஏறினாலோ சாய்ந்து நின்றாலோ மறுபடி இரண்டையும் உருட்ட வேண்டும். கடிகாரத்தை அழுத்தினால் நகர்த்தல் முடிந்தது, பிறகு திருத்தம் இல்லை. ஒவ்வொரு ஆட்டமும் முடிந்ததும் ஸ்கோரை இருவரும் சொல்லி எழுத வேண்டும். நான்காவது பார்வையாளருக்கு. கெரம் பலகையைச் சுற்றி நின்று “அத அடி, அத அடி” என்று கத்திப் பழகியவர்கள் நாம். இங்கே நகர்த்தலைப் பற்றியோ க்யூப்பைப் பற்றியோ ஒரு வார்த்தை வரக் கூடாது. “ஐயோ” என்பதுகூட உதவிதான். ஒருமுறை எச்சரிக்கை, இரண்டாம் முறை வெளியே. எழுதி ஒட்டியும் கேட்காத பெரியவர்கள் ஒன்றிரண்டு பேர் எப்படியும் இருப்பார்கள், அவர்களைப் புள்ளி எழுதும் மேசையில் உட்கார வைத்துவிடுங்கள்.